பன்னிரண்டு மணிப் பாட்டு

தொண்ணூறுகளின் நடுவில் வெக்ஸ்போர்ட் பக்கம் ஒரு பிளாஸ்ரிக் தொழிற்சாலையில் வேலை செய்தேன். அச்சிலிருந்து விழும் வாளி மூடிகளின் ஓரத்தைச் சீவிப் பெட்டியில் அடுக்குவது என் வேலை. நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன். இங்கிலீசு கிடக்கட்டும், தமிழிலேயே நாலு பேருக்கு முன்னால் வாய் திறக்கமாட்டேன். அந்த இடம் எனக்குப் பிடித்ததும் அதனால்தான். மெஷின் இரைச்சலில் யாரும் யாரோடும் கதைக்கத் தேவையில்லை.

இரைச்சலுக்கு மேலால் கேட்கட்டும் என்று ஒரு ரேடியோவை முழுச் சத்தத்தில் விட்டிருப்பார்கள். நாள் முழுக்க ஒரே ஸ்ரேசன், பழைய ரொக் பாட்டுகள். பெட்டி தூக்கும் போர்க்லிப்ற் வண்டி ஓடுகிற மன்னார்த் தம்பி என்னைக் கடக்கும்போதெல்லாம் கேட்பான்: “அண்ணை, உதை எப்பிடித் தாங்கிறியள்? தகரக் கொட்டிலுக்கை ஆட்டை அடைச்சுவிட்ட மாதிரிக் கிடக்கு.”

எனக்கு அது பழகிவிட்டது. காலையில் இரண்டு பேர் சிரித்துச் சிரித்துக் கதைப்பார்கள். ஒன்பது மணிக்குப் பிறகு கதை குறைந்து பாட்டு. பன்னிரண்டிலிருந்து ஒரு மணி வரை கேட்பவர்கள் விரும்பிய பாட்டு. மூன்று மணிக்கு விளம்பரமில்லாமல் நீளமான பாட்டொன்று வரும். அது தொடங்கினால் கை கழுவப் போகலாம். மணிக்கூடு பார்க்கும் பழக்கமே எனக்கு விட்டுப்போனது.

ஸ்ரேசனின் கதையைச் சொன்னவர் பக்கத்து மெஷின்காரர். வெள்ளைக்காரர், அறுபதை நெருங்கியவர். சின்னச் சின்னச் சொற்களாலும் கையாலும் எனக்கு விளங்கும்வரை சொல்வார். தொடக்கத்தில் அது ஒரு சப்பாத்துக் கடைக்கு மேலே இரண்டு அறைகளில் இருந்ததாம். அறிவிப்பாளர்கள் வீட்டிலிருந்து தங்கள் இசைத்தட்டுகளைக் கொண்டுவந்து, ஒரு பக்கத்தை முழுதாக ஓடவிட்டுச் சாப்பிடப் போவார்களாம். அப்போது அவை புதுப் பாட்டுகள். அவருக்கும் அப்போதுதான் கல்யாணம் முடிந்திருந்தது. பிறகு கேட்டவர்களுக்கு வயது போனது. ஸ்ரேசன் அதே பாட்டுகளோடு நின்றுவிட்டது.

அவருடைய மனைவி பாரிசவாதத்தில் பேச்சை இழந்து, நகரத்துக்கு வெளியே ஒரு பராமரிப்பு இல்லத்தில் இருந்தார். ஞாயிற்றுக்கிழமைகளில்தான் இவர் போய்ப் பார்ப்பார். பேச முடியாதவரிடம் போனில் என்ன கதைப்பது? அதனால் வெள்ளிதோறும் பத்து மணி பிரேக்கில் கன்ரீன் வாசலில் உள்ள காசு போனில் ஸ்ரேசனை எடுத்து, மனைவிக்கு என்று எப்போதும் ஒரே பாட்டைக் கேட்பார். மத்தியானம் அது போகும். கட்டிலருகே ரேடியோவில் மனைவி கேட்பார். ஒரு விரல் மட்டும் தாளம் போடும் என்று அங்குள்ள நேர்ஸ் சொன்னாராம்.

பிறகு ஸ்ரேசனை வேறு ஆட்கள் வாங்கினார்கள். இனிப் பாட்டுகளை வேறொரு ஊரில் கொம்பியூட்டர்தான் தெரிவு செய்யுமாம். விருப்பப் பாட்டு வருகிற வெள்ளியோடு சரி. ஞாயிறன்று மனைவியிடம் அதைச் சொல்லி, கடைசி நாள் தவறாமல் கேள் என்று சொல்லிவிட்டு வந்திருந்தார்.

அந்த வெள்ளி, பத்து மணிக்குச் சற்று முன் அவருடைய அச்சில் பிளாஸ்ரிக் உருகி இறுகிக்கொண்டது. மேற்பார்வையாளர் பக்கத்திலேயே வந்து நின்றார். இவரால் அசைய முடியவில்லை. என்னைப் பார்த்தார். கால் டொலர் காசொன்றை என் கையில் வைத்து, சொல்ல வேண்டியதை மூன்று தரம் சொன்னார். பெட்டி மட்டையில் ஒரு துண்டு கிழித்துத் தமிழ் எழுத்தில் எழுதிக்கொண்டேன்.

எனக்குத் தெரிந்த விருப்பப் பாட்டு, ஊரில் தபாலட்டையில் எழுதிப் போடுவது. தபாலட்டையை யாரும் திருப்பிக் கேள்வி கேட்பதில்லை. காசைப் போட்டு நம்பரை அழுத்தினேன். ரேடியோவில் தினமும் கேட்ட அதே குரல் என் காதுக்குள் வந்தது. கடகடவென்று ஏதோ கேட்டது. எதிரில் உள்ளவர் முடித்து, “சொல்லுங்கோ” என்ற பிறகு தொடங்குவதுதான் எங்களுக்குள்ள மரியாதை. நான் அவர் முடிக்கட்டும் என்று நின்றேன். அவர் நான் தொடங்கட்டும் என்று நின்றார். பிறகு ஹலோ, ஹலோ என்றார். மட்டையைப் பார்த்தேன். நான் எழுதியதை என்னாலேயே வாசிக்க முடியவில்லை. போனை வைத்துவிட்டேன். காசை அது விழுங்கிவிட்டது.

பின்னால் மன்னார்த் தம்பி நின்றான். “ஆருக்கண்ணை போன்? வீட்டிலை ஏதும் பிரச்சினையே?”

“இல்லை. லைன் பிசி.”

அவனுக்கு இங்கிலீசு நன்றாக வரும். மட்டையைக் கொடுத்திருந்தால் அரை நிமிட வேலை. எல்லோரிடமும் சொல்லிச் சிரிப்பான் என்று பயந்தேன்.

பக்கத்து மெஷின்காரரிடமும் பிசி என்றேன். அவர் உள்ளங்கையை நீட்டினார். லைன் பிசி என்றால் காசு திரும்பி விழும். என் பையிலிருந்து வேறொரு காசை எடுத்து வைத்தேன்.

பன்னிரண்டு மணிக்கு அந்தக் குரல் ஏதோ சொல்லிச் சிரித்தது. பக்கத்து மெஷின்காரர் கையை நிறுத்திவிட்டு ரேடியோவைப் பார்த்தார். மன்னார்த் தம்பி போர்க்லிப்றை நிறுத்தி எனக்கு மொழிபெயர்த்தான்.

“அண்ணை, ஆரோ காலமை போன் எடுத்து மூச்சு மட்டும் விட்டிட்டு வைச்சிட்டானாம். இன்னும் ஒரு பாட்டுக்கு இடம் கிடக்காம், திரும்ப எடுக்கட்டாம். எங்கட ஆளாத்தான் இருக்கும்.”

நான் ஒரு மூடியின் ஓரத்தைச் சீவினேன். சீவி முடித்த மூடி அது.

பன்னிரண்டரைக்குச் சாப்பாட்டு மணி அடித்ததும் பக்கத்து மெஷின்காரர் போனுக்கு ஓடினார். கடைசி நாள். ஊர் முழுக்க எடுத்திருக்கும். மூன்று தரமும் காசு திரும்பி விழுந்த சத்தம் எனக்குக் கேட்டது. ஒரு மணிக்கு வேறு யாரோ கேட்ட பாட்டோடு அது முடிந்தது.

திரும்பி வந்து என் முன்னால் நின்றார். பத்து மணிக்கும் இப்படித்தான் பிசியா என்று மெதுவாகக் கேட்டார்.

“யெஸ்” என்றேன். அன்று இங்கிலீசில் தடுமாறாமல் வந்தது அந்தச் சொல் மட்டும்தான்.

திங்கட்கிழமை எனக்கும் ஒரு கோப்பி வாங்கிவந்தார். வெள்ளியன்று ஒன்றரை வரை ரேடியோவை நிற்பாட்ட வந்த நேர்ஸை மனைவி விடவில்லையாம். “லைன் பிசி, என் நண்பன்கூட எடுத்துப் பார்த்தான்” என்று ஞாயிறன்று விளங்கப்படுத்தினாராம். மனைவி தலையை ஆட்டினாராம்.