கேட்டுக்கு முன்னால் முளைத்த அம்மன்

இரண்டு வருடத்துக்கு முந்தைய ஆடி மாதம் அது. பிள்ளையார்குப்பத்தில், பெரிய ஆஸ்பத்திரிக்குப் பக்கத்துத் தெருவில், ஒரு வாடகை வீட்டின் முன்பகுதியில் மெஸ் நடத்திக்கொண்டிருந்தேன். மெஸ் என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். நோயாளிக்குத் துணையாக வந்து வராந்தாவில் படுத்துக் கிடப்பவர்களுக்குக் காலையில் இட்லி, கஞ்சி, மதியம் சாம்பார் ரசத்தோடு சாப்பாடு, அவ்வளவுதான். கணவர் லாரி ஓட்டுகிறவர், வீட்டில் இருப்பதே அபூர்வம். என் பெண்பிள்ளைகளின் படிப்பு அந்த அடுப்பை நம்பித்தான் நடந்தது.

வீட்டுக்காரருக்கு என்னைக் கிளப்பிவிட்டு மெடிக்கல் ஷாப்புக்கு இடத்தைக் கொடுக்க ஆசை. வழக்குப் போட்டார். நானும் விடவில்லை. கடைசியில் அந்த ஆடிக்கு முந்தின பங்குனியில், புதுச்சேரி மக்கள் நீதிமன்றத்தில் உட்கார வைத்துச் சமாதானம் பேசினார்கள். வருகிற பொங்கல் வரை நான் இருக்கலாம். அதன்பிறகு மறுபேச்சில்லாமல் காலி செய்துவிட வேண்டும். அதுவரை, பக்கத்துச் சந்து வழியாகப் போய்ப் பின்பக்கக் குழாயில் நான் தண்ணீர் பிடிப்பதை அவர் தடுக்கக் கூடாது. இருவரும் கையெழுத்துப் போட்டோம். வெளியே வந்ததும் அவரே இளநீர் வாங்கிக் கொடுத்தார். நானும் நம்பிக் குடித்தேன்.

அந்த இளநீர் ஜீரணமாவதற்குள் சந்தில் கிரில் கேட் போட்டுப் பூட்டிவிட்டார் மனுஷன். கேட்டால், “வூட்டுக்குப் பாதுகாப்பு வேணாமா? தண்ணி இன்னா, எங்கனா புடிச்சிக்கோ” என்கிறார்.

தண்ணீர் இல்லாமல் மெஸ் ஏது? அடுத்த தெருப் பொதுக்குழாயிலிருந்து குடம் குடமாகச் சுமந்தேன். அரிசி களைய ஒரு நடை, பாத்திரம் விளக்க ஒரு நடை. இடுப்பு ஒடிந்துபோய் மதியச் சாப்பாட்டையே நிறுத்த வேண்டியதாயிற்று. இன்னும் கொஞ்ச நாளில் நானே ஓடிவிடுவேன் என்பதுதான் அவருடைய திட்டம். ஓடுகிற ஆளா நான்?

தெருவில் எல்லாரும் ஒரே பாட்டைத்தான் பாடினார்கள். அது தீர்ப்பே இல்லையாம், வெறும் சமாதானப் பேப்பராம், அதை வைத்துக்கொண்டு ஒன்றும் கிழிக்க முடியாதாம். சட்ட உதவியில் எனக்குக் கிடைத்த வக்கீல் ஒரு சின்னப் பெண். அவர்தான் சிரித்தார். “யாருக்கா சொன்னது? மக்கள் நீதிமன்றத்துல முடிஞ்சா அதுவும் கோர்ட்டுத் தீர்ப்பு மாதிரிதான். அவரு அப்பீலுகூடப் போக முடியாது. நிறைவேத்திக் குடுங்கன்னு மனு போடலாம்” என்றார்.

போட்டோம். வாய்தாவுக்கு வாய்தா மெஸ்ஸைப் பூட்டிவிட்டு பஸ் ஏறினேன். சலித்துப்போகும்போதெல்லாம் சந்துப் பக்கம் போய் அந்தப் பூட்டை ஒரு பார்வை பார்ப்பேன், மறுபடி வீராப்பு வந்துவிடும். கடைசியில், கேட்டைத் திறந்துவிடச் சொல்லி நீதிமன்றம் அமீனை அனுப்பியது. கோர்ட் உத்தரவை நேரில் வந்து நிறைவேற்றிவைக்கிற ஊழியர்தான் அமீன்.

அவர் வருகிற அன்று காலையில் எழுந்து பார்க்கிறேன், கேட்டை அடைத்தபடி ஒரு கருங்கல்! மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, மஞ்சள் துணி சுற்றி, வேப்பிலை செருகி, பக்கத்தில் சூலம் வேறு. ராத்திரியோடு ராத்திரியாக அம்மன் முளைத்துவிட்டாள்.

அமீனோடு பூட்டு உடைக்க வந்த ஆள், கல்லைப் பார்த்ததும் செருப்பைக் கழற்றிவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். “அம்மனத் தாண்டி நான் கை வெக்க மாட்டேன் சார். நானும் புள்ளகுட்டிக்காரன்.” வீட்டுக்காரரோ கையைக் கட்டிக்கொண்டு பவ்வியமாக நின்றார். “கனவுல வந்து எடம் கேட்டா சார். நான் இன்னா பண்றது?”

அமீன் என்னைத் தனியே அழைத்தார். கேட்டைத் திறக்கத்தான் உத்தரவு இருக்கிறது, சாமியை நகர்த்த இல்லை என்றார். தடங்கல் என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போவதாகவும், போலீஸ் துணை கேட்டு நான் மறுபடி மனு போட வேண்டும் என்றும் சொன்னார். மறுபடியா? அதற்குள் பொங்கலே வந்துவிடுமே!

உண்மையைச் சொல்கிறேன், அந்தக் கல்லைப் பார்த்து எனக்கும் பயம்தான். யார் எதற்காக வைத்திருந்தாலும் மஞ்சள் பூசிய கல்லை எப்படிக் காலால் தள்ளுவது? அதுவும் ஆடி மாதத்தில்? ஆனால் அந்தப் பயத்திலேயேதான் எனக்கு யோசனையும் பிறந்தது.

தெருப் பெண்களைக் கூவி அழைத்தேன். “எல்லாரும் வாங்கடி! ஆடியில தானா வந்தவள இப்பிடிக் காய வெக்கலாமா?” மஞ்சள் வந்தது, கற்பூரம் வந்தது, வேப்பிலை கட்டுக்கட்டாக வந்தது. தண்ணீர்தான் இல்லை. பொதுக்குழாய் நின்றுபோயிருந்த நேரம். நான் வீட்டுக்காரரைப் பார்த்து, அமீன் காதிலும் விழும்படி உரக்கச் சொன்னேன்: “அண்ணே, உங்க கனவுல வந்தவளுக்கு உங்க வூட்டுக் கொழாத் தண்ணிதான் ஊத்தணும். கேட்டத் தொறங்க.”

கூட்டத்தின் சத்தம் கேட்டு வீட்டுக்காரரின் மனைவி வெளியே வந்தார். கல்லைப் பார்த்தார், புருஷனைப் பார்த்தார். “கனவுல வந்தான்னு எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியே நீ? சாமிய வெச்சி வெளாடுறியா? நாளைக்கு வூட்டுல எதுனா ஒண்ணுன்னா யாரு பதில் சொல்றது?” என்றவர், விறுவிறுவென்று உள்ளே போய்ச் சாவியோடு வந்தார். “வெச்சது நீதான, நீயே தூக்கு. வழியில கெடந்தா வரவங்க போறவங்க காலு படும். அந்த வேப்ப மரத்தாண்ட வெய்யி.”

வீட்டுக்காரர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கல்லைத் தூக்கினார். அந்த அம்மாவே பூட்டைத் திறந்தார். முதல் குடம் அம்மனுக்கு, அடுத்த குடம் என் அரிசிப் பானைக்கு. வழி திறந்துவிடப்பட்டது என்று அமீன் எழுதி என்னிடம் கையெழுத்து வாங்கினார். அன்று மெஸ்ஸில் மறுபடியும் மதியச் சாப்பாடு போட்டேன்.

பொங்கல் நெருங்கியது. தெருக்காரர்கள் இப்போது வேறு பாட்டுப் பாடினார்கள். “கம்முனு உக்காந்துக்கோ. அவரு பண்ணதுக்கு அவரும் கொஞ்சம் அலையட்டும்.” எனக்கு அந்த ஆசை வரவில்லை என்றால் பொய். எனக்குக் கிடைத்திருந்த புது இடம் ஆஸ்பத்திரியிலிருந்து ரொம்பத் தள்ளி. வியாபாரம் படுத்துவிடும் என்று தெரியும். இருந்தும் காணும் பொங்கல் கழிந்த மறுநாள் அண்டா குண்டாவையெல்லாம் வண்டியில் ஏற்றினேன். வேப்ப மரத்தடி அம்மனுக்கு ஒரு குடம் ஊற்றிக் கும்பிட்டுவிட்டு, சாவியை நீட்டினேன்.

வீட்டுக்காரர் உடனே வாங்கவில்லை. “நீ போவ மாட்டேன்னுதாம்மா நெனச்சேன். வக்கீலகூடப் பாத்துட்டு வந்துட்டேன்” என்றார்.

“எனுக்கு அமீன் வேணாம்ணே” என்றேன்.

இப்போதும் எதிலாவது கையெழுத்துப் போட வேண்டி வந்தால் பேனாவை ஒரு நொடி நிறுத்திவிடுகிறேன். எந்த வார்த்தைக்கு அவரைக் கட்டுப்பட வைக்க அத்தனை மாதம் அலைந்தேனோ, அதே வார்த்தைக்கு நானும் கட்டுப்பட்டு அந்தச் சாவியை நீட்டியபோதுதான் என் வழக்கு நிஜமாகவே ஜெயித்தது.