சக்கரவர்த்தி விழுந்தால் சிரிக்கவும்

சிரிப்புப் படம் காட்டிப் பிழைப்பவனைப் போல அழுகிறவன் லண்டனில் வேறு யாருமில்லை. சங்கக் கூட்டங்களில் கதிரை அடுக்கி, மைக்கோடு மல்லுக்கட்டிய அன்பர்களே, என் நிலை உங்களுக்குப் புரியும். நான் ஓட்டுபவை சரித்திரத்தைக் கிண்டலடிக்கும் பழைய ஊமைப்படங்கள். ஈஸ்ட் ஹாமில் ஒரு தமிழ்ச் சங்கம் மூன்று சனிக்கிழமைகள் தந்தது. சனம் சிரிக்காவிட்டால் மண்டபம் யோகா வகுப்புக்குப் போய்விடும் என்று தலைவர் சொல்லிவிட்டார். எனக்கு வேறு மண்டபம் கிடையாது. பயந்துகொண்டே போனேன்.

எழுந்து நின்று பார்த்த படம்

நம் கூட்டங்கள் எப்படித் தொடங்கும் என்று தெரியும்தானே. விளக்கேற்றினார்கள். பிறகு மறைந்தவர்களுக்காக எல்லோரும் எழுந்து மௌனமாக அகவணக்கம் செலுத்தினார்கள். "அமரலாம்" என்று சொல்லத் தலைவர் மறந்துவிட்டார். நான் அவசரக்குடுக்கை, படத்தைப் போட்டுவிட்டேன். படத்திலும் சத்தமில்லை, மண்டபத்திலும் சத்தமில்லை. ரோமச் சக்கரவர்த்தி தன் அங்கி தடக்கி நாலு தரம் விழுந்தார். அறுபது பேரும் கைகட்டி நின்று பார்த்தார்கள். கடைசியில் முன்வரிசை அன்ரி ஒருவர் என்னிடம் வந்து கேட்டார்:

"பாவம் தம்பி, ஆர் இந்த மனுசன்? விழுந்து விழுந்தே செத்துப்போனவரோ?"

கைக்கடிகாரம்

அடுத்த வாரம் எல்லோரையும் முதலிலேயே உட்கார வைத்தேன். ரோமச் சிப்பாய் கைக்கடிகாரம் பார்க்கும் இடத்தில் ஒன்றிரண்டு பேர் சிரிக்க வாயெடுத்தார்கள். தலைவர் எழுந்து படத்தை நிறுத்தச் சொன்னார். அந்தக் காலத்தில் கைக்கடிகாரம் ஏது என்று விசாரணை வைத்தார். அதுதான் ஐயா பகிடி என்றேன். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தலைவர் விடவில்லை:

"சரித்திரத்திலை பகிடி விடேலாது. எங்கட அரசர் ஒருத்தரும் வழுக்கி விழேல்லை. நான் எல்லாக் கல்வெட்டும் வாசிச்சனான்!"

பொன்னாடை

கடைசிச் சனிக்கிழமை படத்துக்கு முன் தலைவர் பேசினார். முக்கால் மணி நேரம், நம் மன்னர்களின் பெருமை. நெஞ்சு நிறைய வெள்ளைப் பொன்னாடை. புரொஜெக்டர் சரியா என்று பார்க்கத்தான் தட்டினேன், சத்தியமாக. வெளிச்சம் நேரே அவர்மேல் விழுந்தது. தனக்குத்தான் விசேஷ விளக்கு என்று எண்ணி இன்னும் நிமிர்ந்து நின்றார். "எம் மன்னன் தலை குனிந்ததில்லை!" என்று அவர் முழங்கவும், அவர் நெஞ்சில் சக்கரவர்த்தி தண்ணீர்த் தொட்டிக்குள் தலைகுப்புற விழவும் சரியாக இருந்தது. மண்டபம் குலுங்கியது. அன்ரி கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். நான் பதறிப்போய் நிறுத்தினேன். தொலைந்தது மண்டபம் என்று நின்றவனை, தலைவர் வந்து தோளில் தட்டினார்.

"பாத்தீரே ஐசே, சனம் சிரிக்க என்ரை பேச்சே போதும். மாதா மாதம் மண்டபம் உமக்குத்தான், ஆனா நான் பேசேக்கை அந்த லைட்டை இப்பிடியே அடியும்."

இப்போது எனக்கு மண்டபம் நிரந்தரம். திரைதான் தேவையில்லாமல் போய்விட்டது.