கட்டுகஸ்தோட்டையில் மட்டும் இருந்த விமானப்படை

போன வாரம் பேராதனை ஆஸ்பத்திரியில் பிரஷர் மாத்திரைக்கு நம்பர் எடுத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அங்கே போய் உட்கார்ந்தால் ஒரு காலைப்பொழுது சரி, உங்களுக்குத் தெரியாததா. பக்கத்துக் கதிரையில் ஒரு பெண்பிள்ளை, தாயைக் கூட்டிக்கொண்டு வந்தவள், போனைப் பார்த்துப் பார்த்து ஏதோ பாடமாக்கிக்கொண்டிருந்தாள். “மேஜர், ஸ்குவாட்ரன் லீடர். லெப்டினன்ட் கேணல், ரீவ். கேணல், பேனரெட். பிரிகேடியர், ஆர்டியன்.”

எனக்கு உடம்பு கூசிவிட்டது. தரைப்படைப் பதவிக்குச் சமமான விமானப்படைப் பதவி எது என்கிற பட்டியல் அது, பொது அறிவுப் பரீட்சைக்காக. அதில் வருகிற ரீவ், பேனரெட், ஆர்டியன் என்ற மூன்று பேரும் இந்த நாட்டில் மட்டுமல்ல, எந்த நாட்டு விமானப்படையிலும் ஒரு நாள்கூட வேலை பார்த்ததில்லை. அவர்களுக்குக் கண்டியில் வேலை போட்டுக் கொடுத்தவன், இருபத்திரண்டு வயதில், நான்தான்.

“தங்கச்சி, அது பிழைம்மா. விங் கொமாண்டர், குரூப் கெப்டன், எயார் கொமடோர். அப்படித்தான் வரணும்” என்றேன்.

“இது எக்ஸாமுக்கு அங்கிள்” என்று சொல்லிவிட்டு அவள் போனைக் கொஞ்சம் அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள். கிழவனுக்கு என்ன தெரியும் என்கிற அந்தப் பார்வை எனக்கு வேண்டியதுதான்.

பொது அறிவு என்றால் எனக்கு இன்றும் நெத்தலிக் கருவாடு மணக்கும். கட்டுகஸ்தோட்டையில் ஒரு கருவாட்டுக் கடைக்கு மேலே, தகரக் கூரைக்குக் கீழே, மாணிக்கம் சேரின் டியூட்டரி இருந்தது. அரசாங்க எழுதுவினைஞர், அதாவது கிளார்க், பரீட்சைக்கு அங்கே ஆட்களைத் தயார் செய்தார்கள். சேர் அதே பரீட்சையை மூன்று தரம் எழுதி மூன்று தரமும் தோற்றவர். அதனால் என்ன? முதல் வருஷ நோட்டீஸில் அவர் பெயருக்கு முன்னால் ‘ஆசிரியர்’ என்று போட்டிருந்தது. அடுத்த வருஷம் ‘சிரேஷ்ட ஆசிரியர்’. அதற்கடுத்தது ‘விரிவுரையாளர்’. நான் வேலைக்குச் சேர்ந்தபோது ‘பணிப்பாளர்’ ஆகிவிட்டார். பதவியுயர்வு கொடுக்கிறவரும் வாங்குகிறவரும் ஒரே ஆளாக இருந்தால் ஒரு தடங்கலும் இல்லை பாருங்கள். பணிப்பாளரின் கீழே பணியாற்ற ஒரே ஒரு ஆள்தான், நான். பள்ளியில் ஏ.எல். முடித்துவிட்டு வேறு போக்கிடமில்லாமல் அவருடைய பொது அறிவுப் புத்தகத்தை எழுதிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். அட்டையில் அவர் பெயர் இருக்கும்.

அந்த வருஷம் சேருக்கு ஒரு யோசனை வந்தது. யுத்தம் நடக்கிறது, முப்படைப் பதவிகளைக் கேட்பார்கள், ஒரு ஒப்பீட்டுப் பட்டியல் போடு என்றார். கண்டி நூலகத்தில் ஒரு பழைய ஆங்கிலக் கலைக்களஞ்சியத்தைத் தேடிப் பிடித்தேன். பக்கத்தின் அடியில் விமானப்படைப் பதவிகள் வரிசையாக இருந்தன. அடுத்த தாளைக் காணோம். மறுபக்கத்தில் இருந்த விமானப் படத்துக்காக யாரோ ஒரு புண்ணியவான் பிளேடால் அறுத்துக்கொண்டு போயிருந்தான். இருந்ததை நான் ஒரு எழுத்து விடாமல் எழுதிக்கொண்டேன். தினப் பேப்பரில் விங் கொமாண்டர் என்று வருகிறதே என்ற சந்தேகம் எனக்கும் இருக்கத்தான் செய்தது. சேரிடம் கேட்டேன்.

“பேப்பர் ஊருக்கு. கலைக்களஞ்சியம் எக்ஸாமுக்கு” என்றார். இப்படி ஒரு வாக்கியத்தைச் சொல்லிவிட்டு முகத்தை மாற்றாமல் டீ குடிக்கிறவனுக்குத்தான் பணிப்பாளர் என்று பெயர்.

அறுந்துபோன தாளில் என்ன இருந்தது என்பதைப் பல வருஷம் கழித்து வேறொரு புத்தகத்தில் வாசித்தேன். முதல் உலக யுத்தம் முடிகிற சமயத்தில் வெள்ளைக்காரன், தரைப்படையில் பறந்தவர்களையும் கடற்படையில் பறந்தவர்களையும் ஒன்றாகச் சேர்த்து விமானப்படை என்று ஒன்றைத் தனியாக உண்டாக்கினான். ஆரம்பத்தில் கெப்டன், மேஜர், கேணல் என்று தரைப்படைப் பெயர்களை இரவல் வாங்கித்தான் காலத்தை ஓட்டினார்கள். பிறகு சொந்தப் பெயர் வேண்டும் என்ற பேச்சு வந்தது. எங்கள் பெயர்களை விட்டுவிடு என்றது தரைப்படை. கடற்படைப் பெயருக்கு முன்னால் ‘எயார்’ என்று ஒட்டிக்கொள்ளட்டுமா என்று கேட்டால் கடற்படை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டது. லட்சம் லட்சமாகப் பிள்ளைகளைப் புதைத்த மண் இன்னும் காயவில்லை, இந்தப் பெரிய மனிதர்கள் பட்டத்துக்குப் பிடுங்குப்பட்டுக்கொண்டிருந்தார்கள். அந்த நேரத்தில்தான் யாரோ ஒரு மேதாவி ரீவ், பேனரெட், ஆர்டியன் என்று கொண்டுவந்து நீட்டினான். ஆர்டியன் என்றால் ஏதோ பழைய மொழியில் பறவைகளின் தலைவனாம். பார்த்தவர்கள் சிரித்துவிட்டுத் தூக்கிப் போட்டார்கள். நான் எழுதிக்கொண்டது அந்தத் தூக்கிப் போட்ட பட்டியலை.

கடைசியில் ஃபிளைட், ஸ்குவாட்ரன், விங், குரூப் என்று விமானக் கூட்டங்களின் பெயரையே தலைவர்களுக்கு வைத்தார்கள். கையில் தைக்கிற கோடுகளைக் கடற்படையிலிருந்து எடுத்தார்கள், கொமடோரையும் அங்கிருந்தே எடுத்தார்கள், மார்ஷலைத் தரைப்படைப் பக்கத்திலிருந்து இழுத்தார்கள். உச்சியில் இருக்கிறவனுக்கு ‘ஆகாயத்தின் மார்ஷல்’ என்று வைக்கப் போனார்களாம். அது ஆண்டவனுடைய வேலை மாதிரி இருக்கிறதே என்று பெரிய இடத்தில் முணுமுணுப்பு வந்ததால் ‘விமானப்படையின் மார்ஷல்’ என்று ஒரு படி இறங்கினார்கள். நல்லகாலம், ஆண்டவன் தப்பினான். இதில் ஃபிளையிங் ஒபிஸர் பறக்க வேண்டும் என்றில்லை, களஞ்சியத்தில் சப்பாத்து எண்ணிக்கொண்டும் இருக்கலாம். பல் பிடுங்குகிற டொக்டரும் விங் கொமாண்டர் ஆகலாம், அவருக்குக் கீழே ஒரு விங்கும் இருக்காது. நம் நாட்டில் ராஜா போனார், ராணி போனார், குடியரசு வந்தது, தொப்பியிலிருந்த கிரீடத்தையும் கழற்றினோம். பெயர்களை மட்டும் தூசி தட்டி அப்படியே வைத்துக்கொண்டோம்.

கதைக்கு வருகிறேன். புத்தகம் அச்சாகி, நான் கண்டி அச்சகத்திலிருந்து புத்தகக் கட்டுகளை எடுத்துக்கொண்டு பஸ்ஸில் வருகிறேன். கட்டுகஸ்தோட்டைப் பாலத்துச் சோதனைச் சாவடியில் எல்லாரையும் இறக்கினார்கள். என் பையைத் திறந்தால் அழைப்பிதழ் மாதிரி மேலே கிடக்கிறது என் குறிப்புக் கொப்பி, விமானப்படை அதிகாரிகள் என்று ஆங்கிலத்தில் தலைப்புப் போட்ட பக்கத்தோடு. தமிழ்ப் பெயருள்ள அடையாள அட்டையும் கையில். உளவாளி என்று பிடித்துப்போக அது போதும். சிப்பாய்க்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. அதே பஸ்ஸில் லீவில் வந்துகொண்டிருந்த விமானப்படை சார்ஜன்ட் ஒருவரைக் கூப்பிட்டுக் கொப்பியைக் காட்டினான்.

அவர் வாசித்தார். ரீவில் புருவம் ஏறியது. ஆர்டியனில் விழுந்து விழுந்து சிரித்தார். “மே மொனவத மல்லி?” இதென்ன தம்பி என்று கேட்டார். டியூட்டரி, பரீட்சை என்று உளறினேன். இவனை விட்டுவிடு, உளவு பார்க்கிறவன் இவ்வளவு மடையனாக இருக்கமாட்டான் என்று சிப்பாயிடம் சிங்களத்தில் சொன்னார். அதோடு நிற்கவில்லை. என் பேனையை வாங்கி, சாவடியின் மணல்மூட்டை மேல் கொப்பியை வைத்து, பைலட் ஒபிஸரிலிருந்து எயார் சீஃப் மார்ஷல் வரைக்கும் ஒரே மூச்சில் எழுதிக் கொடுத்தார். இத்தனை பேருக்கும் சலூட் அடித்துத் தேய்ந்த கை தம்பி, எனக்குப் பிழைக்காது என்றார். அந்த வரிசையில் ஒரு இடத்திலும் ஒருநாளும் ஏறப் போகாத மனிதர்.

ஆக, சரியான பட்டியல் என் கையில் இருந்தது. அதைத்தான் நீங்கள் மறக்கக்கூடாது. நேரே போய் சேரிடம் சொன்னேன், ஒரு பிழைதிருத்தத் துண்டு அடித்து ஒட்டுவோம் என்றேன்.

“பஸ்ல வந்த எவனோ சொன்னான்னு ஒட்டவா? ஒரு பக்கத்துல திருத்தம் ஒட்டினா, மத்தப் பக்கமெல்லாம் சரியான்னு கேப்பானுங்க. பேசாம இரு” என்றார். பேசாமல் இருந்தேன். அதில் எனக்கு நல்ல தேர்ச்சி.

வகுப்பிலேயே கெட்டிக்காரி மடவளையிலிருந்து வந்த நஸ்ரியா. என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர். அந்தப் பக்கத்து முஸ்லிம் வீடுகளில் அக்காவைத் தாத்தா என்பார்கள், நானும் அப்படித்தான் கூப்பிட்டேன். வாப்பா மௌத்தாகி, தகப்பன் நடத்திய கடை அண்ணன் கைக்குப் போய்விட்டது, வீட்டில் தாத்தா இருந்தும் இல்லாத மாதிரி. அடுத்த வருஷம் விண்ணப்பிக்கிற வயது கடந்துவிடும் என்பதால் இதுதான் கடைசிச் சந்தர்ப்பம். “இந்த வேல கெடச்சா நான் யார்ட மொகத்தையும் பாத்து நிக்கத் தேவில்ல தம்பி” என்று ஒருதரம் சொன்னார்.

அந்தப் பட்டியலை நடத்திய நாளில் எழும்பிக் கேட்டவரும் அவர்தான். “சேர், பேப்பர்ல விங் கொமாண்டர்ண்டு போடுறாங்களே, இதில ரீவ்ண்டு ஈக்கி?”

சேர் அதே ‘பேப்பர் ஊருக்கு’ வாக்கியத்தைச் சொன்னார். நஸ்ரியா தாத்தாவுக்கு அது போதவில்லை. திரும்பிப் பின்சுவரோடு நின்ற என்னைப் பார்த்தார். புத்தகத்தை எழுதினவன் நான் என்பது அவருக்குத் தெரியும். சேரும் என்னைப் பார்த்தார். நான் ஆமென்று தலையை ஆட்டினேன். வாய் திறந்து ஒரு பொய்கூடச் சொல்லவில்லை, அவ்வளவு சோம்பேறித்தனம். தாத்தா உட்கார்ந்து ரீவ் என்பதை அடிக்கோடிட்டுக்கொண்டார்.

எழுத்துப் பரீட்சையில் நல்ல புள்ளி எடுத்தார். நேர்முகத்துக்குக் கூப்பிட்டார்கள். மூன்று பேர் இருந்த சபையில் ஒருவர் ஓய்வு பெற்ற விமானப்படை அதிகாரி, ஓய்வு பெற்றும் மீசைக்கு ஓய்வு கொடுக்காதவர். தரைப்படை லெப்டினன்ட் கேணலுக்கு விமானப்படையில் சமமானவர் யார் என்று கேட்டிருக்கிறார். அவரே ஒரு காலத்தில் அந்தப் பதவியில் இருந்தவர், தன்னைப் பற்றியே ஒரு கேள்வி. ரீவ் என்று தாத்தா சொன்னார். அவர் திரும்பக் கேட்டார். தாத்தா இன்னும் உறுதியாகச் சொன்னார். அது எந்த நாட்டில் அம்மா என்று அவர் சிரித்ததும் மற்ற இரண்டு பேரும் சிரித்தார்களாம்.

இதெல்லாம் அவர் டியூட்டரிக்கு வந்து என்னிடம் சொன்னது. சேர் இல்லாத நேரமாகப் பார்த்து வந்திருந்தார். “மத்ததெல்லாம் சரியாத்தான் சென்னன். இதுக்குப் பொறகு அவங்க ஒண்டும் கேக்கல்ல. எங்க படிச்சண்டு மட்டும்தான் கேட்டாங்க. ஏதோ பொத்தகத்தில பாத்தண்டு செல்லி வந்துட்டன், ஒங்கட பேர் கெடக்கூடாதுண்டு.” போகத் திரும்பினவர் படியில் நின்று கேட்டார். “தம்பி, நான் கேட்ட நேரம் அது பிழைண்டு ஒங்களுக்குத் தெரியுமா?”

“தெரியாது தாத்தா” என்றேன்.

“அப்ப சரி” என்று சொல்லிவிட்டுப் படியிறங்கிப் போனார்.

தாத்தாவுக்கு வேலைக் கடிதம் வரவில்லை. அடுத்த வருஷம் அதே பரீட்சையை நான் எழுதினேன். எனக்கு வயது இருந்தது. அதே சபை, அதே மீசை, தன் கேள்வியில் அவருக்கு அப்படியொரு பெருமை போலிருக்கிறது, அதே கேள்வி. விங் கொமாண்டர் என்றேன். கேட்காமலே மேலும் கீழும் மொத்த வரிசையையும் ஒப்புவித்தேன். “வெரி குட். எங்க படிச்சீங்க?” என்றார். “சொந்தமா வாசிச்சேன் சேர்” என்றேன். சார்ஜன்டுக்கும் பட்டை நாமம். வேலை கிடைத்தது.

முப்பது வருஷத்துக்கு மேல் இருந்தேன். மூன்றாம் தரம், இரண்டாம் தரம், முதலாம் தரம், அதற்கு மேலே பெயர்ப்பலகை வைத்த மேசை. ஒவ்வொரு தடவையும் கேக் வெட்டினார்கள், பட்டிஸ் கொடுத்தார்கள், எனக்குக் கொம்பு முளைத்தது என்று நானும் நம்பினேன். விமானப்படைக்காரனுக்காவது கையில் கோடு தைத்துக் காட்டுவதற்குத் துணி இருந்தது. இப்போது பாலத்தில் சாவடி இல்லை, மணல்மூட்டை இருந்த இடத்தில் லொத்தர் டிக்கட் விற்கிறார்கள். டியூட்டரி போன் கவர் விற்கிற கடையாகிவிட்டது. கருவாட்டுக் கடையையும் மூடிவிட்டார்கள். மாணிக்கம் சேர் போய்ச் சேர்ந்துவிட்டார், இரங்கல் நோட்டீஸில் பீ.எச்.டி. வாங்கியவர் மாதிரி ‘கலாநிதி’ என்று போட்டிருந்தது. அதுவும் அவரே எழுதிவைத்துவிட்டுப் போனதாக இருக்கும்.

நஸ்ரியா தாத்தாவை அதற்குப் பிறகு ஒரே ஒரு தரம் பார்த்தேன். நான் ஓய்வு பெறுவதற்குக் கொஞ்சம் முன்னால், எங்கள் அலுவலகத்தில் கவுண்டரில் இருக்கிற பிள்ளை லீவு என்று அரை மணித்தியாலம் நான் போய் உட்கார்ந்திருந்தேன். வரிசையில் வந்து நின்றார். தலைமுக்காட்டின் ஓரத்தில் நரை. என்னைத் தெரிந்துகொண்டார், அது கண்ணில் தெரிந்தது. எங்கே கையெழுத்து வைக்க வேண்டும் என்று கேட்டார். ஃபோமில் இடத்தைக் காட்டினேன், அந்த ஒரு நாளாவது சரியாக.

“சரி சேர்” என்றார். ஃபோமை எடுத்துக்கொண்டு பக்கத்துக் கவுண்டருக்குப் போனார். அங்கே வேலைக்கு வந்து மூன்று மாதம்கூட ஆகாத ஒரு பெண்பிள்ளை. நான் காட்டிய அதே இடத்தில் விரலை வைத்து, “இதிலயா மகள் கையெழுத்து வெக்கிற? நல்லாப் பாத்துச் செல்லுங்க” என்று கேட்டார். அவள் ஆமென்று சொன்ன பிறகுதான் பேனையைத் திறந்தார்.