ஊர் தெரியவில்லையாம்

இஸ்ரவேல் அண்ணன் முப்பது வருஷமாக ஒவ்வொரு சிலைக்கும் அதன் ஊரை எழுதிக் கட்டின சீட்டுகளை அறுத்து எறிந்தார்கள். அது தப்பு. அன்றைக்கும் சொன்னேன், இன்றைக்கும் சொல்கிறேன்.

இன்று காலை அண்ணன் போய்விட்டார். திருவட்டாறு பக்கம், மகள் லில்லி வீட்டில்...

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். நகரத்துப் பெரிய மியூசியத்தில் அவர் ஸ்டோர் கீப்பர். நான் பெட்டி அடிக்கிற தச்சன். நீங்கள் கண்ணாடிக்குள் பார்ப்பது கொஞ்சம். மீதியெல்லாம் உள்ளே, அண்ணன் காவலில்.

சேர்ந்த புதிதில் ஒரு மடத்தனம் செய்தேன். ஊரில் மலிவாகக் கிடைக்கிறதே என்று ரப்பர் மரப் பலகை கொண்டுபோய், ஒரு மரத்தேர்ச் சிற்பத்துக்குப் பெட்டி அடித்தேன். மறு மாதம் பெட்டிக்கடியில் மாவு மாதிரி தூள்.

அண்ணன் பலகையை விரலால் தட்டினார். "ஏலே, சிலைக்குப் பெட்டி அடிச்சியா, வண்டுக்கு வீடு கட்டினியா?"

மேலே புகார் எழுதவில்லை. சிற்பத்தைத் தனி அறையில் நாற்பது நாள் வைத்து, டார்ச் அடித்து ஒவ்வொரு துளையாகப் பார்த்தார். "ஆஸ்பத்திரி கேஸு மக்கா, நீதான் கூட இருக்கணும்" என்று என்னையும் உட்கார வைத்தார். சிற்பம் தப்பியது.

அதன் சொந்த ஊர் சுசீந்திரம் பக்கம். ஒருநாள் அந்த ஊர்ப் பெண்கள் பஸ் பிடித்து வந்து, "எங்க தேர்ல இருந்த அம்மையப் பாக்கணும்" என்று நின்றார்கள். அண்ணன் சீட்டைப் பார்த்தார், நேரே கொண்டுபோய் நிறுத்தினார்.

பூவை மட்டும் சிலைமேல் வைக்க விடவில்லை. எதிரே ஒரு தட்டு வைத்தார். "ஈரம் ஆகாது அக்கா, அம்மைக்குச் சளி பிடிக்கும்." அழுதுகொண்டிருந்தவர்கள் சிரித்துவிட்டார்கள்.

பிறகு கம்ப்யூட்டர் வந்தது. படம் எடுக்கும்போது சீட்டு மறைக்கிறதாம்... அறுத்தார்கள். எழுதியிருந்ததை ஒருவரும் படிக்கவில்லை.

போன மாதம் லில்லி போனில் மியூசியம் வெப்சைட்டைக் காட்டினாள். அதே அம்மை. நல்ல தெளிவான படம். கீழே, 'ஊர் தெரியவில்லை'.

அண்ணன் விரலால் படத்தைப் பெரிசாக்கிப் பார்த்தார். "தெரியலயாம்லே... நான் எழுதி வச்சேன்லா..."

போனை லில்லியிடம் திருப்பிக் கொடுத்தார்.

சீட்டுக்கெல்லாம் ஒரு நோட்டில் நகல் உண்டு. லில்லியிடம் இருக்கிறது. மியூசியம் டைரக்டர் நேரில் வந்து வாங்க வேண்டும், தபாலில் அனுப்ப மாட்டோம்.

கம்ப்யூட்டர் பிரிவு ஒவ்வொரு படத்துக்கும் அதன் ஊரைப் போட வேண்டும்.

சுசீந்திரம் பக்கத்து அக்காமாரைத் தெரிந்தவர்கள், நாளை மூன்று மணிக்கு அடக்கம் என்று சொல்ல வேண்டும்.

பெட்டி நான்தான் செய்ய வேண்டும். வண்டு ஏறாத அயினிப் பலகை எடுத்திருக்கிறேன்.

தட்டிப் பார்த்துவிட்டேன், அண்ணே...