நாம் என்றுதான் சொன்னாள்

இது நடந்தது. நம்பாதவர்கள் பிரிக்பீல்ட்ஸுக்குப் போய் அமுதவள்ளியையே கேட்கலாம். வாய் திறக்கமாட்டாள். எழுதித்தான் காட்டுவாள்.

ஆங்கிலக் காவியங்களைத் தமிழில் விளக்கி, ஒரு தனியார் கல்லூரிக்கு ஒலிப்பதிவு செய்து கொடுப்பது அவள் வேலை. அன்றைய பாடம், காவியத்தில் கதை சொல்லும் குரல். தொடக்கத்தில் கவிஞன் ஒரு பெண்தெய்வத்தைக் கூப்பிடுவான்: வா, என் வாய்வழியாக நீ பாடு. அமுதவள்ளிக்கு அதில் நம்பிக்கை கிடையாது. "அது வெறும் மரபு. கூப்பிட்டு யாரும் வருவதில்லை. நாம் கேட்பது கவிஞனின் குரலை மட்டுமே" என்று சொல்லிக் காலையில் பதிவை முடித்தாள்.

சாப்பிட்டுவிட்டு வந்து போட்டுக் கேட்டாள்.

"நாங்கள் கேட்பது..."

நிறுத்தினாள். மறுபடி போட்டாள். நாங்கள். அவள் குரல்தான். ஆனால் 'நாங்கள்' என்றால் கேட்கிற மாணவர்களுக்கு அதில் இடமில்லை. இத்தனை வருடம் பாடம் நடத்தியவள் அந்தத் தப்பைச் செய்வாளா?

சந்தேகம் ஜீவன்மேல் போயிற்று. கிள்ளானில் வீட்டிலிருந்தபடியே அவளுடைய பதிவுகளை வெட்டி ஒட்டித் தருகிறவன். அவள் பதிவுகள் இருவரும் திறக்கக்கூடிய ஒரே இணையக் கோப்புறையில்தான் இருக்கும்; பழைய பாடங்கள் எல்லாம் அவன் கையில். அத்தனை குரல் இருந்தால் கம்ப்யூட்டரே அவளைப் போலப் பேசிவிடும். பிறகு அவள் எதற்கு?

போன் செய்தாள்.

"ஜீவன், என் குரலை வச்சு என்ன செய்யற?"

"என்னக்கா?"

"நாம்னு சொன்னேன். நாங்கள்னு வருது."

"இன்னிக்கு ஃபைலை நான் இன்னும் தொறக்கவே இல்ல லா."

"பொய் சொல்லாத. நீ திருடற."

இந்த வேலையை விட்டால் அவனுக்கு வேறு பிழைப்பில்லை. அது அவளுக்கும் தெரியும்.

"சரிக்கா. லைன்லயே இருங்க. இப்பச் சொல்லுங்க, நான் கேக்கறேன்."

அதே வாக்கியத்தைச் சொன்னாள். நிதானமாக. 'நாம்' என்றபோது உதடு மூடியதைக்கூடக் கவனித்தாள்.

அந்தப் பக்கம் ஜீவன் குரலைத் தாழ்த்தினான்.

"அக்கா, பக்கத்துல இருக்கறவங்களைக் கொஞ்சம் தள்ளி உக்காரச் சொல்லுங்க."

"யாருமில்ல."

"அவங்க முதல்ல சொல்றாங்க. அப்புறந்தான் நீங்க சொல்றீங்க. ஹெட்போன் போட்டுக் கேளுங்கக்கா."

அவளுக்குப் பயம் வரவில்லை. கோபம்தான் வந்தது. மாட்டிக்கொண்டவன் பேய்க்கதை விடுகிறான்.

ஹெட்போனைத் தொடவில்லை. மாலையே கல்லூரியில் புகார் சொன்னாள். ஜீவனை வேலையிலிருந்து நிறுத்திவிட்டார்கள்.

கொஞ்ச நாள் கழித்து, பழைய பதிவுகளை அழிக்க உட்கார்ந்தாள். அன்று ஜீவனோடு பேசும்போது மைக்கை அணைக்க மறந்திருந்தாள். அது அத்தனையும் பதிவாகியிருந்தது.

ஹெட்போனை மாட்டிக்கொண்டாள்.

ஜீவன் பேசியது விழவில்லை. அவள் பக்கம் மட்டும்.

கீழே மோனோரயில் போகிறது... நாற்காலி கிறீச்சிடுகிறது...

பிறகு, மைக்குக்கு மிக அருகில், பிள்ளைக்குச் சொல்லிக்கொடுப்பது போல, மெதுவாக ஒரு பெண் குரல்.

"பொய் சொல்லாத. நீ திருடற."

ஒரு மூச்சு.

அதற்கப்புறம்தான் அமுதவள்ளி அதைச் சொல்கிறாள்.