எதிரே வந்த மனுஷன்

செங்கம் ரோட்டில் புதிதாக வந்திருக்கும் காபிக் கடையில் நேற்று சுக்கு வாசனை அடித்தது. மோப்பம் பிடித்து உள்ளே போனது என் தப்பு. அங்கேயும் கல்லாவுக்குப் பக்கத்தில் வசந்தி எழுதிய அந்த நாவலை அடுக்கி வைத்திருந்தார்கள். இன்றைய கணவன் மனைவி உறவைத் தோலுரிக்கும் நாவலாம். உரித்தது என் தோலை.

உங்களிடம் மறைக்க என்ன இருக்கிறது? ஊரே படித்துவிட்டது.

இதே ரோட்டில் ஒரு லாட்ஜில் வசந்தியும் நானும் வேலை பார்த்தோம். அவள் வரவேற்பில். நான் அறைகளுக்குப் போர்வை மாற்றுகிறவள். மதியம் சேர்ந்துதான் சாப்பிடுவோம். அவள் கொண்டுவரும் எலுமிச்சை ஊறுகாய் வாசனைக்கே என் வாய் திறந்துகொள்ளும். திறந்தால் நிற்காது, இப்போதும் அப்படித்தான், பார்க்கிறீர்களே.

அப்படிச் சொன்னதுதான் அந்தப் பௌர்ணமிக் கதை. கல்யாணமான புதிது. என் வீட்டுக்காரர் ஆட்டோ ஓட்டுகிறவர். கோபப்படத் தெரியும், பேசத் தெரியாது. கிரிவலம் கிளம்பிய சாயங்காலம் கோபுர வாசலிலேயே சண்டை. நான் அம்மாவிடம் போனில் பேசுவது ஜாஸ்தியாம். "நீ உன் வழியில போ" என்று திரும்பியவர், ஊரே மலையை வலமாகச் சுற்றும்போது இடப்பக்கமாக நடக்க ஆரம்பித்தார். "யோவ், இப்படிச் சுத்தக் கூடாதுய்யா!" என்று ஆளாளுக்குக் கத்தினார்கள். நான் அழுதுகொண்டே சரியான பக்கம் நடந்தேன்.

பாதி சுற்றில், அடி அண்ணாமலை கோயில் தாண்டியதும் கூட்டத்தைப் பிளந்துகொண்டு எதிரே வருகிறார். கையில் சுக்கு காபி. பாதி சட்டையில் கொட்டியிருந்தது.

"பின்னால வந்தா நீ திரும்பிப் பாக்க மாட்ட. இப்படி வந்தா பாத்துதானே ஆவணும்? குடி."

அவர் மன்னிப்புக் கேட்டது அவ்வளவுதான். எனக்குப் போதும். அதற்கப்புறம் எந்தச் சண்டையிலும் "எதிர்ல வரட்டுமா?" என்பார். எனக்குச் சிரிப்பு வந்துவிடும்.

நாவலில் அந்தக் காபி இல்லை. எதிர்ப்பக்கம் நடக்கும் ஆட்டோக்காரன் மட்டும் இருக்கிறான், வீம்பு பிடித்த முட்டாளாக. பெண்டாட்டி அவனைத் தாண்டிப் போய் விடுதலையாகிறாள்.

அன்றைக்கு அவர் எதிர்ப்பக்கம் நடந்ததை ஆட்டோ ஸ்டாண்டே பார்த்திருந்தது. நாவல் வந்த பிறகு சும்மா விடுவார்களா? "இன்னா மாமே, இன்னிக்கு எந்தப் பக்கமா சுத்தப் போற?"

வீட்டுக்கு வந்தவர் கத்தவில்லை. "அவகிட்ட அந்தக் காபியையும் சொல்லியிருக்கலாம் இல்ல?" என்றார்.

"சொன்னேங்க. சத்தியமா சொன்னேன்."

நம்பவில்லை. வசந்தியிடம் ஓடினேன். "நீயே வந்து சொல்லுடி. காபியையும் நான் சொன்னேன்னு சொல்லு, போதும்."

"பேரத்தான் மாத்திட்டேனே. உன்ன தைரியசாலியாதானடி காட்டியிருக்கேன்."

"காபி எங்கடி போச்சு?"

"அது வந்தா கதை வீக்காயிடும். இதுக்கெல்லாம் ஒரு எழுத்தாளர் வீடு வீடா போய் விளக்கம் சொல்ல முடியுமா?"

தூ என்று துப்பிவிட்டு வந்தேன். வாசலில்தான். உள்ளே துப்பியிருக்க வேண்டும்.

லாட்ஜை இடித்துவிட்டார்கள். ஊறுகாய் வாசனை எங்கே அடித்தாலும் வாயை மூடிக்கொள்கிறேன். இப்போது எங்கள் வீட்டில் சண்டையே கிடையாது. பேச்சு இருந்தால்தானே சண்டை? பௌர்ணமிக்கு நான் மட்டும் போகிறேன். அடி அண்ணாமலை தாண்டியதும் என் நடை தானாகக் குறைகிறது. எல்லாரும் ஒழுங்காக ஒரே பக்கமாகப் போகிறார்கள். எதிரே ஒருத்தரும் வருவதில்லை.