அடையாள அணிவகுப்பில் அரியரத்தினம்

எண்பத்தாறாம் ஆண்டில் துபாய் கராமாவில் அரியரத்தினத்தைத் தெரியாத தமிழர்கள் குறைவு. அவரோடு பேசிப் பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு. ஜெபல் அலியில் ஒரு பண்டகசாலையில் ஸ்டோர்கீப்பர் வேலை. விடிவதற்குள் கம்பெனி பஸ் ஏறிவிடுவார். டியூட்டி முடிந்து வந்தால் பத்மநாபன் மெஸ்ஸில் தலை நிமிராமல் சாப்பாடு, பிறகு ரூம், பிறகு தூக்கம். முப்பத்தைந்து வயது. ஒல்லி, மாநிறத்துக்கும் ஒரு பிடி கூடுதலான கறுப்பு, நறுக்கிவிட்ட மீசை. அந்த மீசைதான் அவரை மாட்டிவைத்தது.

மனிதருக்குப் போலீஸ் என்றால் ஆகாது. ரோட்டில் பச்சைச் சீருடை தெரிந்தால் எதிர்ப்பக்கம் போய்விடுவார். எதிர்ப்பக்கத்திலும் ஒன்று தெரிந்தால் பக்கத்துக் கடைக்குள் புகுந்து, வேண்டாத பற்பசையை வாங்கிக்கொண்டு வருவார். ரூமில் இருந்த தஞ்சாவூர், ராமநாதபுரம் பையன்கள் இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்கள். அவர்களைக் குற்றம் சொல்லவும் முடியாது. அவர்கள் பார்த்த போலீஸ் வேறு, இவர் பார்த்தது வேறு.

அரியரத்தினத்துக்கு ஊர் யாழ்ப்பாணத்துக் கரவெட்டி. முந்தின வருடம் ஒரு காலை ராணுவமும் போலீசுமாக வந்து ஊரைச் சுற்றி வளைத்தார்கள். ஆண்கள் எல்லாரையும் கோயில் வீதியில் வரிசையாக நிறுத்தினார்கள். சட்டையைக் கழற்றச் சொல்லித் தோளைப் பார்த்தார்கள், துப்பாக்கி இடித்த தழும்பு இருக்கிறதா என்று. முழங்கையையும் முழங்காலையும் பார்த்தார்கள், ஊர்ந்து பயிற்சி எடுத்த காய்ப்பு இருக்கிறதா என்று. அதற்குப் பிறகு ஜீப்பிலிருந்து ஒருவனை இறக்கினார்கள். தலையில் சாக்கு, கண்ணுக்கு மட்டும் இரண்டு ஓட்டை. ஊரில் அவனுக்குத் தலையாட்டி என்று பெயர். அவன் ஒவ்வொருவர் முன்னாலும் நிற்பான். தலை அசையாவிட்டால் வீட்டுக்குப் போகலாம். அசைந்தால் லொறியில் ஏற வேண்டும். அன்றைக்கு அரியரத்தினத்தைத் தாண்டிப் போன சாக்கு, பக்கத்தில் நின்ற தம்பி மகேசனுக்கு முன்னால் அசைந்தது. மகேசன் தபாற்கந்தோரில் முத்திரை விற்றுக்கொண்டிருந்தவன். அவன் திரும்பி வரவில்லை. அசைந்த தலை யாருடையது என்றும் தெரியவில்லை. அந்த வருடமே பத்மாவதியையும் இரண்டு பெண் குழந்தைகளையும் மாமனார் வீட்டில் விட்டுவிட்டு அரியரத்தினம் துபாய்க்கு விமானம் ஏறினார்.

ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம். மெஸ்ஸில் இலை விரித்துச் சாம்பார் ஊற்றும் நேரம். வாசலில் போலீஸ் ஜீப் நின்றது. ஒரு பச்சைச் சீருடைக்காரரும், அவரோடு மொழிபெயர்ப்பாளர் சதக்கத்துல்லாவும் இறங்கினார்கள். சதக்கத்துல்லாவுக்குக் காயல்பட்டினம். அரபி, இந்தி, ஆங்கிலம், தமிழ் நான்கும் தண்ணீர்பட்ட பாடு. வாயை மூடச் சொன்னால்தான் அவருக்குச் சிரமம். அவர் சாப்பிடுகிறவர்களின் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்து, ஒல்லியும் கறுப்பும் மீசையுமாகப் பார்த்து எட்டுப் பேரைப் பொறுக்கினார். எட்டாவது அரியரத்தினம்.

"தம்பி, பயப்படாதீங்க. ஸ்டேஷன்ல சும்மா ஒரு வரிசைல நிக்கணும், அவ்ளோதான். ஒரு கடைல திருட்டுப் போயிருக்கு. ஒருத்தனைப் புடிச்சி வச்சிருக்காங்க. அவனை மாதிரி இருக்கற ஆளுங்க கொஞ்சப் பேரு வேணும். இஷ்டமில்லன்னா வர வேணாம்."

மற்ற ஏழு பேரும் சிரித்துக்கொண்டே கை கழுவினார்கள். அரியரத்தினத்துக்கு 'வரிசை' என்ற சொல் காதில் விழுந்ததோடு சரி. இஷ்டமில்லாவிட்டால் வர வேண்டாம் என்று சொன்னதை அவர் கேட்கவே இல்லை. சும்மா விசாரித்துவிட்டு விட்டுவிடுவோம் என்றுதான் கோயில் வீதியிலும் சொன்னார்கள். சாப்பாட்டுக்கு டோக்கன் கொடுத்துவிட்டு, பத்மநாபனைப் பார்த்து, "அண்ணை, நான் வராட்டில் வீட்டுக்கு ஒரு சொல்லுச் சொல்லிவிடுங்கோ," என்றார். எங்கே போகிறார் இந்த மனிதர் என்று பத்மநாபன் விழித்தார்.

ஸ்டேஷனில் அவர்களுக்கு முதலில் சுலைமானி வந்தது, கண்ணாடிக் கிளாசில். போலீஸ் டீ கொடுப்பது அரியரத்தினத்தை இன்னும் கலவரப்படுத்தியது. அங்கே எல்லாவற்றையும் நடத்திக்கொண்டிருந்தவர் ஹால்டன் என்ற வெள்ளைக்காரர். இங்கிலாந்தில் எங்கோ ஒரு மாவட்டத்தில் ஆயுள் முழுக்கப் போலீசில் இருந்துவிட்டு, ஓய்வுக்குப் பிறகு ஆலோசகராக வந்தவர். வழுக்கைத் தலை, வெயிலில் சிவந்த கழுத்து, இடுப்பில் ஒன்றும் இல்லை. துப்பாக்கி இல்லை, கழி கூட இல்லை. அரியரத்தினம் அந்த இடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சதக்கத்துல்லாவுக்கு அதுபோதும். "என்ன பாக்கறீங்க? அவங்க ஊர்ல அப்படித்தான். நூத்தம்பது வருசத்துக்கு முன்னால லண்டன்ல போலீஸ் ஆரம்பிக்கறப்போ சனங்களுக்குப் பிடிக்கலையாம். நம்ம மேல ராணுவத்தை ஏவுறாங்கன்னு கல்லால அடிச்சிருக்காங்க. ராணுவத்துக்குச் சிவப்புக் கோட்டு. அதான் போலீசுக்கு நீலக் கோட்டு குடுத்து, தொப்பி குடுத்து, துப்பாக்கியக் குடுக்காம அனுப்பிச்சாங்க. சனங்க சம்மதிச்சாத்தான் போலீசுன்னு ஹால்டன் சாயிபு என்கிட்ட நூறு தடவை சொல்லிட்டாரு."

"எங்கட ஊர்ப் போலீசும் வெள்ளைக்காரன் உண்டாக்கினதுதானே, நானா," என்றார் அரியரத்தினம். ஸ்டேஷனில் அவர் பேசிய முதல் வாக்கியம் அது. முஸ்லிம் அண்ணன்மாரை அவர் ஊரில் நானா என்பார்கள்.

சதக்கத்துல்லா குரலைத் தாழ்த்தினார். "அது வேற சரக்கு, தம்பி. அயர்லாந்துக்குன்னு தனியாச் செஞ்சது. துப்பாக்கியும் பாசறையுமா. அதத்தான் உங்க ஊருக்கும் எங்க ஊருக்கும் அனுப்பினான். நல்லதை வீட்டுக்கு வச்சிக்கிட்டான்."

வரிசை ஒரு வெள்ளையடித்த அறையில். விசாரணை அதிகாரி உள்ளே வரவே கூடாதாம். வழக்கைப் பிடித்தவருக்கு அதை ஜெயிக்க ஆசை இருக்கும், சாட்சியைப் பார்த்து ஒரு கண் அசைத்தாலும் கெட்டது என்று விதி. அவர் வெளியே வெயிலில் சிகரெட்டும் எரிச்சலுமாக நின்றார். பிறகு சந்தேக நபரைக் கூட்டி வந்தார்கள். பெயர் பன்னீர்செல்வம், தச்சு வேலை. அவனிடம் ஹால்டன் கேட்டதைச் சதக்கத்துல்லா தமிழில் சொன்னார்: "எந்த இடத்துல நிக்கணும்னு நீயே பாத்துக்கோ. இந்த எட்டுப் பேர்ல யாரையாவது வேணாம்னு தோணினா சொல்லு, மாத்திடலாம்."

பிடிபட்டவனைக் கேட்கிறார்கள். எங்கே நிற்க விருப்பம் என்று பிடிபட்டவனைக் கேட்கிறார்கள். அரியரத்தினத்துக்குத் தன் காதில் ஏதோ கோளாறு என்று தோன்றியது. மகேசனை யாரும் எதையும் கேட்கவில்லை.

பன்னீர்செல்வம் கெட்டிக்காரன். வரிசையை ஒரு நோட்டம் விட்டான். ஏழு பேர் கல்யாணத்துக்கு வந்தவர்கள் மாதிரி நின்றார்கள். எட்டாவது ஆள் வெளிறிப்போய், உதடு காய்ந்து, சுவரில் சாய்ந்துவிடுவார் போல நின்றார். அவன் நேரே வந்து அவர் பக்கத்தில் நின்றுகொண்டான்.

கதவு திறக்கும் சத்தம் கேட்டது. அரியரத்தினத்தின் கை தானாகப் போனது. மளமளவென்று சட்டைப் பொத்தான்களைக் கழற்றினார். சட்டையைத் தரையில் போட்டார். தோளைத் திருப்பிக் காட்டினார். இரண்டு முழங்கையையும் முன்னால் நீட்டினார். குனிந்து கால்சட்டையை முழங்கால்வரை சுருட்டத் தொடங்கினார். பையன்களில் ஒருவன் களுக்கென்று சிரித்து, அவர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான்.

ஹால்டன் கையைத் தூக்கிச் சாட்சியை வாசலிலேயே நிறுத்திவிட்டு, என்ன செய்கிறார் என்று கேட்டார்.

"தழும்பில்லை, நானா. பாக்கச் சொல்லுங்கோ. என்னில ஒரு தழும்பும் இல்லை," என்றார் அரியரத்தினம்.

எதற்குத் தழும்பு என்று சதக்கத்துல்லா விசாரித்தார். அரியரத்தினம் நாலே வார்த்தையில் சொன்னார். சதக்கத்துல்லா அதை ஆங்கிலத்தில் சொன்னார். ஹால்டன் குனிந்து சட்டையை எடுத்தார், தூசி தட்டினார், போட்டுக்கொள்ளும்வரை பிடித்துக்கொண்டு நின்றார். கோட் போட உதவுவது போல, ஒரு வெள்ளைக்காரப் போலீஸ் அதிகாரி. பிறகு, விருப்பமில்லை என்றால் இப்போதே போகலாம் என்றார். அரியரத்தினம் நின்றார். நிற்காமல் போனால் சுடுவார்கள் என்று நினைத்தாரோ என்னவோ.

சாட்சி உள்ளே வந்தார். அரியரத்தினம் நிமிர்ந்து பார்த்தார். அந்த ஆளுக்கு முகம் இருந்தது. நரைத்த தாடி, ஒரு பக்கம் வீங்கிய கன்னம், மூக்குக் கண்ணாடி. திருட்டுப் போன மளிகைக் கடையின் சொந்தக்காரர், ஈரானியக் கிழவர். மூடவில்லை, மறைக்கவில்லை. எல்லாரும் பார்க்கும்படி வந்து, ஒவ்வொருவர் முன்னாலும் நின்று கண்ணுக்குக் கண் பார்த்தார். பன்னீர்செல்வத்தின் முன்னால் நின்றார். தாண்டினார். அரியரத்தினத்தின் முன்னால் நின்றார். நெடுநேரம் நின்றார். கையை உயர்த்தி அவர் தோளைத் தொட்டார்.

"யஹீ ஹை," என்றார். இவன்தான்.

முடிந்தது. அரியரத்தினத்துக்குப் பயம் கூட இல்லை. பத்மாவதிக்கு யார் சொல்வார்கள், சின்னவளுக்குத் தன் முகம் நினைவிருக்குமா, அவ்வளவுதான் மனதில் ஓடியது. எங்கே லொறி என்று கதவைப் பார்த்தார்.

ஹால்டன் எல்லாருக்கும் நன்றி சொன்னார். ஒவ்வொருவர் கையையும் பிடித்துக் குலுக்கினார். பையன்கள் பேசிக்கொண்டே வெளியேறினார்கள். பன்னீர்செல்வத்தை விட்டுவிட்டார்கள். அவன் திருடினானா இல்லையா என்று கராமாவில் இன்றுவரை யாருக்கும் தெரியாது. அரியரத்தினம் மட்டும் சுவரோரமாக நின்ற இடத்திலேயே நின்றார்.

"என்ன தம்பி, போகலாமே."

"நானா, அவர் என்னையெல்லோ காட்டினவர்."

"காட்டுனாரு. அது தப்பாப் போச்சு. நீங்க அந்த நேரத்துல ஜெபல் அலில டியூட்டில இருந்திருக்கீங்க. உங்க கம்பெனிக்கு போன் போட்டு அதக் கேட்டுட்டுத்தானே வரிசைல நிப்பாட்டுனாங்க."

"காட்டினவரிட பிழையோ?"

"பின்ன? மனுசன்தானே. தப்பாக் காட்டுவான்னு தெரிஞ்சுதான் எட்டுப் பேரை நிக்க வைக்கறாங்க. இங்கிலாந்துல இந்த வருசம் இதுக்குன்னே புதுசா விதியெல்லாம் எழுதிக் கொண்டு வந்திருக்காங்க. சாயிபு அதை இங்க வச்சிக்கிட்டு எங்க உயிர எடுக்கறாரு."

அரியரத்தினம் மலைத்துப்போய் அந்த வெள்ளைச் சுவரைப் பார்த்தார், எட்டுப் பேர் நின்ற தரையைப் பார்த்தார். தலையாட்டி பொய் சொன்னான் என்று எத்தனையோ இரவுகள் பொருமியிருக்கிறார். காட்டுகிறவன் தவறலாம் என்று முன்கூட்டியே யோசித்து, அதற்காக ஆட்களைத் தேடிப் பிடித்து, டீ வாங்கிக் கொடுத்து, நிற்க வைக்கிற ஓர் உலகம் இருக்கும் என்று அவர் கனவிலும் நினைத்ததில்லை. அந்த உலகத்தை நினைக்க நினைக்கப் பெரிதாக இருந்தது. பெரிதாக ஆக ஆக அழுகை வந்தது.

வாசலில் ஈரானியக் கிழவர் காத்துக்கொண்டிருந்தார். தன் தவற்றை யாரோ சொல்லியிருக்க வேண்டும். முகம் சிறுத்துப்போயிருந்தது. "மாஃப் கரோ, பாய்," என்று மன்னிப்புக் கேட்டுக் கையை நீட்டினார்.

அரியரத்தினம் அந்தக் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். விடவே இல்லை.

"நானா, இவருக்குச் சொல்லுங்கோ. இவர் என்னைக் காட்டினவர். நான் வீட்டை போறன்."

சதக்கத்துல்லா அதை அப்படியே இந்தியில் சொன்னார். அதில் என்ன இருக்கிறது, இந்த மனிதர் ஏன் இப்படி அழுகிறார் என்று கிழவருக்குப் புரியவில்லை.